இரண்டாம் வயலினின் மூச்சு

இது கதை இல்லை. போன நவம்பரில், லண்டன் ஆர்ச்வே மேட்டில் இருக்கிற ஒரு பழைய மண்டபத்தில், நான் என் காதால் கேட்டது. ஒலிப்பதிவு என்னிடம் இருக்கிறது. நம்பாதவர்கள் லூயிஷாமுக்கு வந்தால் தேநீரும் தந்து போட்டுக் காட்டுகிறேன்.

முதலில் என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். என் பெயர் துஷ்யா. பேய் பிசாசை நம்புகிற ஆள் இல்லை. மனிதர்களையே நம்பாதவள் பேயை எங்கே நம்புவது? என் கணவர் "ட்ரெயின் லேட்" என்றால்கூட போனில் ரயில் நேரத்தைத் திறந்து சரிபார்ப்பேன். அப்படிப்பட்ட பிறவி.

என் தொழில் ஒலிப்பதிவு. கச்சேரிகளைப் பதிந்து, வீட்டுக்குக் கொண்டுவந்து, கம்ப்யூட்டரில் சுத்தம் செய்து கொடுப்பேன். இருமல், நாற்காலி முனகல், தாள் புரட்டும் சத்தம் எல்லாவற்றையும் வெட்டி எடுக்க வேண்டும். எல்லாவற்றையும்விட அதிகமாக வெட்டுவது மூச்சுச் சத்தத்தைத்தான். வாசிப்பவர்கள் எவ்வளவு சத்தமாக மூச்சு விடுவார்கள் என்று உங்களுக்குத் தெரியாது. தெரியாமல் இருப்பதற்குத்தான் எனக்குச் சம்பளம்.

என் தம்பி கௌசிகன் வயலின் வாசிப்பவன். சின்ன வயதிலிருந்து அவனுக்கு ஆஸ்துமா. அவன் மூச்சு இழுக்கும்போது கடைசியில் மெல்லிய விசில் ஒன்று கேட்கும். டெப்ட்ஃபோர்ட் பிளாட்டில் ஒரே அறையில் பன்னிரண்டு வருடம் படுத்தவள் நான். ஆயிரம் மூச்சுக்கு நடுவில் அவனுடையதைக் கண்டுபிடிப்பேன். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

அவனுக்கு ஒரு பெரிய வாய்ப்பு வந்தது. லைப்சிக் நகரத்து ப்ரென்ட்லர் குவார்டெட். இரண்டு வயலின், ஒரு வியோலா, ஒரு செல்லோ, ஆக நான்கு பேர். 1924இல் தொடங்கியது. ஆட்கள் மாறிக்கொண்டே வந்தாலும் பெயர் மாறவில்லை. அதில் இரண்டாம் வயலின் இடம் காலியானது. நூற்றாண்டு விழாக் கச்சேரி லண்டனில். மூன்று நாள் ஒத்திகை, சனிக்கிழமை கச்சேரி. கௌசிகன் அதில் சரியாக வாசித்தால் இடம் அவனுக்கு. இல்லாவிட்டால் பழையபடி கலியாண ரிசப்ஷன்களில் சினிமாப் பாட்டு. அவனுக்கு முப்பத்து நான்கு வயது. இனி இப்படி ஒன்று வராது என்று அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

விழாவைப் பதிவு செய்யும் வேலையை அவன் சொல்லி எனக்கு வாங்கித் தந்தான். நானும் போனேன். அவனைக் கண்காணிக்கத்தான் போனேன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

மண்டபத்தைப் பார்த்ததும் எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. நூறு வருடப் புகழ் பெற்ற குழு. லண்டனில் எத்தனையோ நல்ல அரங்கு. இவர்கள் எடுத்ததோ முருகன் கோயில் தாண்டி, ஒரு சந்துக்குள் இருக்கிற குளிர்ந்த மண்டபம். ஹீட்டர் டிக் டிக் என்று சத்தம் போடும், சூடு வராது.

"ஏன் இந்த இடம்?" என்று ஆங்கிலத்தில் கேட்டேன்.

"நான்தான் தேர்ந்தெடுத்தேன்," என்றார் செல்லோ வாசிக்கும் ஹில்டா. எழுபதை நெருங்கும் பெண்மணி. குழுவில் முப்பது வருடமாக இருப்பவர்.

நாற்காலிகளையும் அவரே போட்டார். யாரையும் தொட விடவில்லை. மூன்று நாற்காலியைச் சும்மா வைத்தார். கௌசிகன் உட்கார வேண்டிய இரண்டாம் வயலின் நாற்காலியை மட்டும் முன்னுக்குத் தள்ளி, பின்னுக்கு இழுத்து, தரையில் எதையோ தேடுவது போலக் குனிந்து பார்த்து வைத்தார். பிறகு போய்ப் பார்த்தேன். அந்த இடத்தில் மரத்தரையில் நான்கு சின்னப் பள்ளங்கள் இருந்தன. நாற்காலிக் கால்கள் அவற்றில் கச்சிதமாக உட்கார்ந்திருந்தன.

விழாப் புத்தகம் ஒன்று தந்தார்கள். குழுவின் வரலாறு, படங்களோடு. மற்ற மூன்று நாற்காலிகளிலும் ஆட்கள் இருபது வருடம், முப்பது வருடம் என்று இருந்திருக்கிறார்கள். இரண்டாம் வயலினில் மட்டும் ஒருவரும் நிலைக்கவில்லை. தொடக்கத்தில் இருந்தவர் எமில் லோவென். 1933இல் "சொந்தக் காரணங்களுக்காக விலகினார்" என்று ஒரே ஒரு வரி. நாஜிகள் ஆட்சிக்கு வந்த 1933இல் ஜெர்மனியில் யார் சொந்தக் காரணத்துக்காக விலகினார்கள்? எனக்கு இவர்கள் மேல் இருந்த நம்பிக்கை, அதாவது இல்லாத நம்பிக்கை, இன்னும் குறைந்தது.

இனி ஒரு விஷயத்தை விளக்க வேண்டும். குவார்டெட்டுக்கு நடத்துநர் கிடையாது. யாரும் கையசைத்துத் தொடங்கி வைப்பதில்லை. முதல் வயலின்காரர் மூச்சை 'ஸ்ஸ்' என்று உள்ளே இழுப்பார். அதுதான் சைகை. அந்த மூச்சின் முடிவில் நான்கு வில்லும் ஒன்றாகத் தந்தியில் விழ வேண்டும்.

புதன்கிழமை. முதல் வயலின் மத்தியாஸ். நாலு பேர் முன்னாலும் ஆளுக்கொரு மைக் வைத்துவிட்டு ஓரத்தில் உட்கார்ந்தேன். மெதுவான ஒரு பகுதி. நிசப்தத்திலிருந்து நால்வரும் சேர்ந்து தொடங்குவது.

கௌசிகன் தனியாகத் தொடங்கினான். மற்றவர்கள் தொடங்கவே இல்லை.

"முந்திவிட்டீர்கள்," என்றார் மத்தியாஸ். மறுபடி. மறுபடியும் முந்தினான். மூன்றாம் தரமும் அப்படியே. மத்தியாஸ் வில்லைக் கீழே இறக்கி, கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். தம்பியின் காது சிவந்துவிட்டது.

அன்று இரவு நான் ஒரு முட்டாள்தனம் செய்தேன். பழக்க தோஷத்தில் ஒத்திகைப் பதிவைச் சுத்தம் செய்து, மூச்சு முழுவதையும் வெட்டி, மத்தியாஸுக்கு அனுப்பிவிட்டேன். வியாழன் காலை அவர் அதை எல்லோருக்கும் போட்டுக் காட்டினார். நிசப்தம். நிசப்தம். திடீரென்று கௌசிகனின் வயலின் மட்டும்.

"கேட்டீர்களா?" என்றார்.

தம்பி என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே... அதை நான் மறக்கமாட்டேன். வெளியே வந்ததும் அவன் கையைப் பிடித்தேன்.

"அக்கா, நான் முந்தேல்லை. மூச்சு இழுத்தது எனக்குக் கேட்டது. கேட்ட பிறகுதான் வில்லை வச்சனான்."

"ஆற்ர மூச்சு? மத்தியாஸோ?"

"தெரியேல்லை. பக்கத்தில கேட்டது."

எனக்கு உடனே ஹில்டா மேல் சந்தேகம் போயிற்று. அவருக்குத் தன் மாணவர் யாரையாவது அந்த இடத்தில் போட ஆசை இருக்கும். வேண்டுமென்றே மூச்சை இழுத்து என் தம்பியைத் தடுமாற வைக்கிறார். கிழவி, இரு உன்னைப் பிடிக்கிறேன் என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன்.

வெட்டாத மூலப் பதிவு என் கம்ப்யூட்டரில் இருந்தது. ஹெட்போனைப் போட்டேன். தம்பி தொடங்குவதற்குச் சற்று முன்...

ஸ்ஸ்ஸ்...

இருந்தது. தெளிவாக இருந்தது. என் தம்பி பொய் சொல்லவில்லை. எனக்கு அழுகையே வந்துவிட்டது.

இனி யாருடையது என்று பார்க்க வேண்டும். ஒரு சத்தம் எந்த மைக்கில் முதலில் விழுகிறது என்று பார்த்தால் எங்கிருந்து வந்தது என்று தெரிந்துவிடும். பார்த்தேன். ஹில்டா இருந்த பக்கமிருந்து வரவில்லை. மத்தியாஸ் பக்கமிருந்தும் இல்லை. முதலில் விழுந்தது இரண்டாம் வயலின் மைக்கில். கௌசிகனின் முகம் இருக்கும் அதே இடத்திலிருந்து வந்திருந்தது.

அப்படியானால் அவனுடைய மூச்சுதானா? திரும்பத் திரும்பக் கேட்டேன். அதில் விசில் இல்லை. நீளமான, வறண்ட மூச்சு. வயதான ஆணுடையது.

இன்னொன்றும் கவனித்தேன். சத்தத்தைக் கூட்டிக் கூட்டிக் கேட்டேன். மூச்சு உள்ளே போகிறது...

வெளியே வரவில்லை.

வெள்ளிக்கிழமை முழுவதும் ஹில்டாவின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். உதடு இறுக மூடியிருந்தது. என் ஹெட்போனில் 'ஸ்ஸ்ஸ்' என்று கேட்டது. அதே கணம் கௌசிகன் தொடங்கினான். மத்தியாஸ் தலையில் கை வைத்தார். ஹில்டா மட்டும் கௌசிகனைப் பார்த்தார். கோபமாகப் பார்க்கவில்லை. ஆவலாகப் பார்த்தார். அது எனக்குக் கோபத்தைவிட மோசமாகப் பட்டது.

நாலு மணிக்குத் தேநீர் இடைவேளை. எல்லோரும் பின்னாலுள்ள சமையலறைக்குப் போனார்கள். வெளியே அதற்குள் இருட்டிவிட்டது. மைக்கில்தான் கோளாறோ என்று பார்க்க, நான் போய் இரண்டாம் வயலின் நாற்காலியில் உட்கார்ந்தேன். ஹெட்போன் காதில் இருந்தது. மைக் ஸ்டாண்டைத் தொட்டேன். ஐஸ் கட்டியாகக் குளிர்ந்தது.

ஹீட்டரின் டிக் டிக் கேட்டது. மேட்டில் ஏறுகிற பஸ் சத்தம் கேட்டது.

டிக்... டிக்...

ஹீட்டர் நின்றது.

பஸ் சத்தமும் இல்லை.

ஸ்ஸ்ஸ்ஸ்...

என் வாய்க்கு முன்னாலிருந்து வந்தது.

என் நெஞ்சு தானாக உயர்ந்தது. தோள் உயர்ந்தது. அந்த மூச்சோடு சேர்ந்து நானும் இழுத்துக்கொண்டிருந்தேன். நான் இழுக்கவில்லை. இழுக்கப்பட்டேன்.

முழுதாக உள்ளே போயிற்று.

நின்றது.

விடப் பார்த்தேன்.

முடியவில்லை.

யாருக்காகவோ காத்திருப்பது போல இருந்தது. எதிரே மூன்று வெறும் நாற்காலிகள். என் கண் அவற்றை ஒவ்வொன்றாகப் பார்த்தது. நான் பார்க்கச் சொல்லவில்லை...

கதவு திறந்தது. "அதில் உட்காராதீர்கள்!" என்று ஹில்டாவின் குரல். மூச்சு என்னிடமிருந்து வெடித்து வெளியேறியது. தரையில் மண்டியிட்டு இருமினேன். அவர் தண்ணீர் கொண்டுவந்து தந்தார். என்ன நடந்தது என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்கத் தேவையில்லாதவர்தான் கேட்காமல் இருப்பார்.

அன்று ஆர்ச்வே ஸ்டேஷன் வாசலில் வைத்துத் தம்பியிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

"விட்டிட்டு வாடா. இந்தச் சனியன் வேண்டாம்."

"ஏலாது அக்கா."

"உனக்குப் பயமில்லையோ?"

"முதல் இருந்தது. இப்ப இல்லை." சிரித்தான். "அது பிழையான மூச்சில்லை அக்கா. மத்தியாஸின்ர மூச்சைவிட அதுதான் சரி. அதோட தொடங்கினா வில்லு தானாப் போகுது."

"கௌசி, அது மனுசரில்லையடா!"

"எனக்கு இது கிடைக்கோணும். நாளைக்கு ஒரு நாள்தானே. குழப்பிப் போடாதேங்கோ."

இன்ஹேலரை எடுத்து ஒரு தரம் இழுத்துவிட்டு, படியிறங்கிப் போனான். அந்தச் சின்ன விசில் எனக்குக் கேட்டது. அவனை இழுத்துப் பிடித்து நிறுத்தியிருக்க வேண்டும். ஆனால் அப்படி நிறுத்தினால் வாழ்நாள் முழுக்க என் முகத்தில் விழிக்கமாட்டான் என்று பயந்தேன்.

சனிக்கிழமை பிற்பகல் மூன்று மணி. மண்டபம் நிறைந்திருந்தது. அம்மாவும் என் கணவர் சுஜீத்தும் மூன்றாவது வரிசையில் இருந்தார்கள். அம்மா காலையிலேயே கோயிலில் அர்ச்சனை செய்துவிட்டு, நல்ல சேலையில் வந்திருந்தார்.

முதல் பகுதி முடிந்தது. குறை சொல்ல ஒன்றுமில்லை. அடுத்தது அந்த மெதுவான பகுதி. நால்வரும் வில்லைத் தூக்கினார்கள். நான் ஓரத்தில் ஹெட்போனோடு இருந்தேன்.

ஸ்ஸ்ஸ்...

மத்தியாஸின் வாய் மூடியிருந்தது.

நான்கு வில்லும் ஒன்றாக விழுந்தன.

நான்கும்.

மத்தியாஸின் முகத்தைப் பார்த்தேன். வாசித்துக்கொண்டே, தன் கையையே பயந்து பார்த்தார். அவர் தொடங்கவில்லை. தொடங்க வைக்கப்பட்டார். வியோலாக்காரர் வெளிறிப்போயிருந்தார். ஹில்டாவின் கன்னத்தில் கண்ணீர்.

அப்படி ஒரு வாசிப்பை நான் கேட்டதே இல்லை. அதைச் சொல்லத்தான் வேண்டும். யாரும் இருமவில்லை. ஒரு நாற்காலி முனகவில்லை. வெட்டி எடுக்க எனக்கு வேலையே வைக்கவில்லை.

கடைசிச் சுரம் தேய்ந்து தேய்ந்து நின்றது.

பிறகு ஹெட்போனில்...

ஹாஆஆ...

நீளமாக, நிதானமாக வெளியே வந்தது. எத்தனையோ காலம் அடக்கி வைத்த மூச்சு.

கைதட்டல் எழுந்தது. நான் தட்டவில்லை.

கூட்டம் கலைந்த பிறகு ஹில்டாவைப் பிடித்துக்கொண்டேன். "உங்களுக்குத் தெரியும். எல்லாம் தெரியும். சொல்லுங்கள்!"

அவர் செல்லோவைப் பெட்டிக்குள் வைத்து மூடினார். பிறகு சொன்னார்.

குழுவைத் தொடங்கிய முதல் வயலின்காரர் ப்ரென்ட்லருக்கு மேடையில் நடுக்கமாம். தொடங்கவே பயம். அதனால் இந்தக் குவார்டெட்டில் மட்டும் மூச்சுச் சைகை தருவது இரண்டாம் வயலின் எமில். ஒன்பது வருடம் அப்படித்தான். 1933இல் எமிலை யூதர் என்று வெளியே அனுப்பினார்கள். மற்ற மூவரும் வாய் திறக்கவில்லை. அடுத்த வாரமே புது ஆள்.

எமில் தப்பி லண்டனுக்கு வந்தார். 1939 கோடையில் பழைய நண்பர்கள் செய்தி அனுப்பினார்கள். லண்டன் வழியாகப் போகிறோம், ஒரு மாலை உன்னோடு வாசிக்கிறோம், மன்னித்துக்கொள் என்று. எமில் ஒரு மண்டபத்தை வாடகைக்கு எடுத்து, நான்கு நாற்காலி போட்டுக் காத்திருந்தார். அவர்கள் வரவில்லை. பயந்துவிட்டார்கள்.

"அதன் பிறகும் வாராவாரம் வந்து நான்கு நாற்காலி போடுவாராம். மூச்சை இழுப்பாராம். யாரும் தொடங்கமாட்டார்கள். தன் பங்கை மட்டும் தனியே வாசித்துவிட்டுப் போவார். இரண்டு வருடம் கழித்து, ஒரு குளிர்காலத்தில் அவரைக் கண்டெடுத்தார்கள். நாற்காலியில்தான் இருந்தார். வில் தந்தியின் மேல். தோள் உயர்ந்தபடி. தொடங்கப் போகிறவர் மாதிரி."

"எந்த மண்டபம்?"

நான் கேட்டது வீண் கேள்வி. அவர் தரையிலிருந்த பள்ளங்களைப் பார்த்தார்.

"அவருக்குப் பிறகு அந்த நாற்காலிக்கு வந்த எல்லோருக்கும் அந்த மூச்சு கேட்டிருக்கிறது, எங்கே வாசித்தாலும். எல்லோரும் பயந்து ஓடினார்கள். உங்கள் தம்பி ஒருவர்தான் அந்த மூச்சுக்கு வாசித்தார்."

"அவனை இதற்காகத்தான் கூப்பிட்டீர்களா?"

அவர் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டார். "எமிலுக்கு இப்போது அமைதி கிடைத்துவிட்டது," என்றார்.

கௌசிகனுக்கு இடம் கிடைத்தது. டிசம்பரில் லைப்சிக் நகரத்துக்குக் குடிபோனான். அம்மா தெரிந்தவர் எல்லோருக்கும் போன் போட்டுச் சொல்லிவிட்டார். நானும் என்னைத் தேற்றிக்கொண்டேன். முடிந்தது, கிழவர் மூச்சை விட்டுவிட்டார், இனி ஒன்றுமில்லை என்று.

ஜனவரியில்தான் அந்தக் கச்சேரிப் பதிவைத் திறந்தேன்.

மெதுவான பகுதியின் முடிவு. கடைசிச் சுரம். 'ஹாஆஆ' என்ற அந்த வெளிமூச்சு. அன்று இதற்குப் பிறகு கைதட்டலில் எனக்கு எதுவும் கேட்கவில்லை. இப்போது கைதட்டலுக்காகக் கூட்டத்தின் பக்கம் வைத்திருந்த மைக்கை அணைத்துவிட்டு, இரண்டாம் வயலின் மைக்கை மட்டும் வைத்துக் கேட்டேன்.

வெளிமூச்சு முடிகிறது.

உடனே ஒரு உள்மூச்சு.

ஸ்ஸ்ஸ்...

கடைசியில் மெல்லிய விசில்.

என் தம்பி.

அது வெளியே வரும் என்று காத்திருந்தேன். பதிவு முடியும்வரை காத்திருந்தேன்...

அன்றிரவு அவன் ஒரு வாய்ஸ் மெசேஜ் அனுப்பியிருந்தான். "அக்கா, சுகமோ? இஞ்ச நல்ல சினோ, ரோட்டெல்லாம் வெள்ளையாக் கிடக்கு. ஒண்டு சொல்லோணும், இப்ப எனக்கு இன்ஹேலரே தேவையில்லை. ஆஸ்துமா போயிட்டுது. டொக்டரே அதிசயப்படுறார்."

அதையும் கம்ப்யூட்டரில் போட்டுக் கேட்டேன். ஒவ்வொரு வசனத்துக்கும் முன்னால் மூச்சு இருக்கிறது. நீளமான, வறண்ட மூச்சு. விசில் இல்லை.

நேற்று இசைத்தட்டுக் கம்பெனியிலிருந்து மின்னஞ்சல் வந்தது. பதிவு அருமை, திங்கட்கிழமைக்குள் அனுப்புங்கள், வழக்கம்போல மூச்சுச் சத்தங்களை மட்டும் எடுத்துவிடுங்கள் என்று.

விசிலோடு முடிகிற அந்த ஒரு மூச்சு இன்னும் திரையில் இருக்கிறது. என் கை மௌஸின் மேல் இருக்கிறது. அதை அழித்தால் என் தம்பிக்கு என்ன ஆகும் என்று எனக்குத் தெரியவில்லை.